பிராங்க்ஸ் பூங்கா: வாசலில் இருக்கும் பெயர்களும் இல்லாத பெயரும்

இன்றைய பதிவு கொஞ்சம் நீளம். வழக்கம்போல நிதானமாகப் படியுங்கள்.

நியூயார்க் நகரத்தில் பிராங்க்ஸ் என்று ஒரு பகுதி. அங்கே இருக்கும் மிருகக்காட்சி சாலை 1899 நவம்பர் 8ஆம் தேதி திறக்கப்பட்டது. அமெரிக்காவின் பெரிய, பெயர் பெற்ற உயிரியல் பூங்காக்களில் ஒன்று. அதன் வடக்கு வாசல் போர்டம் சாலையைப் பார்த்து இருக்கிறது. பச்சை பூத்த வெண்கலத்தில் ஒரு பெரிய வாசல். உள்ளே நுழைந்ததும் வட்டமான பூந்தோட்டம், நடுவில் பளிங்கு நீரூற்று. அதைக் கடந்து படிகள் ஏறிப் போனால் ஆஸ்டர் கோர்ட் என்ற முற்றம். சுற்றிலும் நூறு வருடத்துக் கட்டடங்கள், நடுவில் கடல் சிங்கங்கள் நீந்தும் குளம்.

வாசலில் இருந்து முற்றம் வரை நிதானமாக நடந்தாலும் சில நிமிடங்கள்தான். அந்தச் சில நிமிட நடையில் மனிதர்கள் யாரை நினைவில் வைத்துக்கொள்கிறார்கள், யாரை விட்டுவிடுகிறார்கள் என்ற பாடம் முழுவதும் இருக்கிறது. அதைத்தான் இன்று எழுதப் போகிறேன்.

முதலில் நீரூற்று.

இது அமெரிக்காவில் செய்ததே இல்லை. இத்தாலியில் கோமோ என்ற ஏரிக்கரை ஊர். அந்த ஊரின் முக்கியச் சதுக்கத்தில், 1872இல் பியாஜியோ காடெல்லா என்ற சிற்பி செய்தது. கடல் குதிரைகளும் கற்பனை உயிர்களுமாகச் செதுக்கியிருக்கிறார். 1902இல் வில்லியம் ராக்பெல்லர் அதை விலைக்கு வாங்கினார். ஸ்டாண்டர்ட் ஆயில் கம்பெனியின் ஜான் ராக்பெல்லர் என்று பாடப் புத்தகத்தில் படித்திருப்போமே, அவருடைய தம்பி. விலை 3,500 லிரா. அன்றைய கணக்கில் சுமார் 637 டாலர். கப்பலில் ஏற்றிக் கொண்டுவந்து 1903இல் இந்தப் பூங்காவில் நிறுத்திவிட்டார்கள். இன்றைக்கும் ராக்பெல்லர் நீரூற்று என்றுதான் பெயர். செதுக்கிய காடெல்லாவின் பெயரைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். 1968இல் நியூயார்க் நகரம் இதைப் பாதுகாக்கப்பட்ட சின்னமாக அறிவித்தது.

நம் பக்கத்திலும் இறந்தவர் நினைவாகத் தண்ணீர்ப் பந்தல் வைப்பார்கள், மாடு உரசிக்கொள்ள ஆவுரிஞ்சு கல் நடுவார்கள், பாரம் சுமந்து வருபவர் இறக்கிவைக்கச் சுமைதாங்கிக் கல் வைப்பார்கள். செத்தவர் பெயரால் உயிரோடு இருப்பவருக்கு ஒரு உபகாரம். அந்த வழக்கத்தில் வளர்ந்த கண்ணுக்கு இந்த நீரூற்று அழகாகத்தான் தெரிகிறது, ஆனால் குனிந்து ஒரு வாய் குடிக்க முடியாது. பார்ப்பதற்கு மட்டும்.

அடுத்து வாசல். நுழையும்போது முதலில் வருவது வாசல்தான் என்றாலும், நீரூற்றுக்கு முப்பது வருடம் பின்னால் வந்தது. 1934இல் திறக்கப்பட்டது. பால் மேன்ஷிப் என்ற சிற்பியின் வேலை. நியூயார்க்கில் ராக்பெல்லர் சென்டர் என்ற இடத்தில் தண்ணீருக்கு மேலே பொன் நிறத்தில் ஒரு மனிதன் பறப்பதுபோல இருக்கும் சிலையைப் படங்களில் பார்த்திருப்பீர்கள். தேவர்களிடமிருந்து நெருப்பைத் திருடிவந்த பிரமீதியஸ். அதையும் இதே சிற்பிதான், அதே 1934இல் செய்து முடித்தார்.

வாசலில் மரங்களும் கொடிகளும் வெண்கலத்தில் படர்ந்திருக்க, அவற்றினிடையே சிங்கம், கரடி, மான், குரங்கு, பறவைகள். இதில் எனக்குப் பிடித்த செய்தி ஒன்று உண்டு. மேன்ஷிப் சில விலங்குகளை அந்தப் பூங்காவிலேயே வாழ்ந்தவற்றைப் பார்த்துச் செய்தார். சிங்கத்துக்கு சுல்தான் என்று பெயர். ஆமை, காலபகோஸ் தீவுகளில் இருந்து வந்தது, பெயர் பஸ்டர். ஷூபில் என்ற பெரிய அலகு நாரைக்கு ஜிம்மி என்று பெயர். அந்த விலங்குகளின் பெயர்கள்கூட இன்றுவரை நினைவில் இருக்கின்றன. இந்த வரியை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

சரி, இந்த வாசல் யாருடைய நினைவுக்கு? பால் ஜேம்ஸ் ரெய்னி என்பவருக்கு. 1877இல் ஓஹியோ மாநிலத்தில் கிளீவ்லாந்தில் பிறந்தவர். நிலக்கரியில் சம்பாதித்த பெரும் பணக்காரக் குடும்பம். அவருக்கு வேட்டைதான் வாழ்க்கை. ஆப்பிரிக்காவில் நாய்க் கூட்டங்களை ஏவிச் சிங்க வேட்டை ஆடினார். அதைச் சினிமாவாகவும் எடுத்து 1912இல் வெளியிட்டார், மக்கள் திரண்டு பார்த்தார்கள். 1910இல் வட துருவப் பக்கம் போய் ஒரு பெரிய பனிக்கரடியை உயிரோடு பிடித்து வந்து இந்தப் பூங்காவுக்குக் கொடுத்தார். 'சில்வர் கிங்' என்று அதற்குப் பெயர். 1923இல் ஆப்பிரிக்காவுக்குப் போகும் வழியில் கப்பலிலேயே இறந்தார். அன்று அவருடைய 46ஆவது பிறந்தநாள். உடலைக் கடலிலேயே அடக்கம் செய்தார்கள்.

தம்பிக்குக் கல்லறை இல்லை. அக்காள் கிரேஸ் ரெய்னி ராஜர்ஸ் இந்த வாசலைச் செய்து வைத்தார். உடன்பிறந்தவளின் பாசத்தை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். அந்தக் குடும்பம் லூசியானா மாநிலத்தில் 26,000 ஏக்கர் அளவு சதுப்பு நிலத்தைப் பறவைகளுக்கான சரணாலயமாக எழுதிக் கொடுத்ததும் அவர் பெயரில்தான். ஆனாலும் ஒன்றை யோசிக்க வேண்டும். வாழ்நாள் முழுக்க விலங்குகளைத் துரத்திச் சுட்டவரின் நினைவை, அதே விலங்குகள்தான் வெண்கலத்தில் தொண்ணூறு வருடத்துக்கு மேலாகத் தூக்கி நிற்கின்றன.

இனி படிகள் ஏறி முற்றத்துக்குப் போவோம்.

அங்கே ஒரு கட்டடம். 1901இல் குரங்குகளுக்காகத் திறந்தது. 2012 வரை அது விலங்கினக் கூடமாகவே இயங்கியது, பிறகு மூடிவிட்டார்கள். 1906 செப்டம்பர் 8ஆம் தேதி, சனிக்கிழமை, அந்தக் கூடத்தின் கூண்டு ஒன்றில் ஒரு மனிதனை வைத்துக் காட்டினார்கள்.

ஆமாம், மனிதனைத்தான்.

அவர் பெயர் ஓட்டா பெங்கா. ஆப்பிரிக்காவின் காங்கோ காடுகளில் வாழும் ம்புட்டி இனத்தவர். காங்கோ அப்போது பெல்ஜிய மன்னர் இரண்டாம் லியோபோல்டின் சொந்தச் சொத்து. ரப்பருக்காக அந்த மக்களைக் கொன்று குவித்த கதை உலகம் அறிந்தது. லியோபோல்டின் படை ஓட்டா பெங்காவின் மனைவியையும் குழந்தைகளையும் கொன்றுவிட்டது. அவர் அடிமை வியாபாரிகள் கையில் சிக்கினார். 1904இல் சாமுவேல் வெர்னர் என்ற அமெரிக்கர் உப்பும் துணியும் கொடுத்து அவரை வாங்கி, செயின்ட் லூயிஸ் நகரத்து உலகக் கண்காட்சிக்குக் காட்சிப் பொருளாகக் கொண்டுபோனார். கண்காட்சி முடிந்ததும் காங்கோவுக்குத் திரும்பியவர், மறுபடி வெர்னரோடு 1906இல் நியூயார்க் வந்து சேர்ந்தார். வெர்னரிடம் காசு இல்லை. முதலில் ஒரு அருங்காட்சியகத்தில் தங்க வைத்தார், பிறகு பிராங்க்ஸ் பூங்காவில்.

குரங்குக் கூடத்தில் ஒரு ஒராங்குட்டானோடு சேர்த்து அவரைக் காட்டினார்கள். கூண்டுக்கு அருகே ஒரு பலகை. வயது 23, உயரம் 4 அடி 11 அங்குலம், எடை 103 பவுண்டு, கொண்டுவந்தவர் இன்னார், செப்டம்பர் மாதம் முழுவதும் பிற்பகல்தோறும் காட்சி என்று அதில் எழுதியிருந்தது. புலிக்கும் கரடிக்கும் எழுதி வைக்கிற அதே முறையில்.

"அந்தக் காலத்தில் அதெல்லாம் சகஜம் சார், இன்றைய கண்ணோடு பார்க்கக் கூடாது" என்று சிலர் சொல்வார்கள். ஐரோப்பாவில் மனிதர்களைக் காட்சி வைப்பது நடந்துகொண்டுதான் இருந்தது. ஜெர்மனியில் ஹாகன்பெக் என்ற விலங்கு வியாபாரி இலங்கையில் இருந்து யானைகளோடு மனிதர்களையும் அழைத்துப் போய் ஊர் ஊராகக் காட்டினார். அதுவும் உண்மை. ஆனால் 'அந்தக் காலத்தில் யாருக்கும் தப்பாகத் தோன்றவில்லை' என்பது மட்டும் உண்மையில்லை.

சனிக்கிழமை காட்சி தொடங்கியது. திங்கட்கிழமையே கறுப்பினப் பாதிரிமார்கள் கூடிவிட்டார்கள். அவர்களில் முன்னால் நின்றவர் ஜேம்ஸ் கார்டன். புரூக்ளினில் கறுப்பினக் குழந்தைகளுக்கான அநாதை இல்லத்தை நடத்தியவர். நேரே பூங்காவுக்குப் போய்ப் பார்த்தார், கண்டித்தார். நகர மேயரைச் சந்திக்கப் போனார்கள், மேயர் பார்க்க மறுத்துவிட்டார். ஆக, அந்தக் காலத்திலேயே, இரண்டே நாளில், இது தவறு என்று தெரிந்தவர்கள் இருந்தார்கள், வாய் திறந்து சொன்னார்கள். கேட்க வேண்டியவர்கள் கேட்கவில்லை. 'காலம் அப்படி' என்று சொல்லும்போது நாம் கார்டனைப் போன்றவர்களை அந்தக் காலத்திலிருந்தே அழித்துவிடுகிறோம்.

எதிர்ப்பு வலுத்ததும் கூண்டைத் திறந்து பூங்காவுக்குள் நடமாட விட்டார்கள். கூட்டம் அவரைத் துரத்தியது, கேலி செய்தது, குத்திப் பார்த்தது. செப்டம்பர் 16ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை பூங்காவுக்கு வந்தவர்கள் 40,000 பேர் என்று அன்றைய நாளிதழ் எழுதியது. மாதக் கடைசியில்தான் கார்டனின் இல்லத்துக்கு அனுப்பினார்கள்.

இதைச் செய்த பூங்கா இயக்குநர் யார்? வில்லியம் ஹார்னடே. இங்கேதான் கதை நம் ஊர்ப் பக்கம் திரும்புகிறது.

நான் ஆனைமலை அடிவாரத்துத் தொடக்கப் பள்ளிகளில் பாடம் நடத்தியவன் என்பது உங்களில் பலருக்குத் தெரியும். இந்த ஹார்னடே இளவயதில் நம் ஆனைமலைக் காட்டுக்கு வந்திருக்கிறார்! அருங்காட்சியகங்களுக்கு விலங்குகளின் தோலும் எலும்பும் சேகரித்துத் தரும் கம்பெனி ஒன்றுக்காக 1877இல் சென்னை மாகாணத்துக்கு வந்தார். தாது வருஷப் பஞ்சத்தில் நம் ஜனங்கள் கொத்துக் கொத்தாகச் செத்துக்கொண்டிருந்த நேரம் அது. ஆனைமலையில் முகாம் போட்டு யானையும் புலியும் சுட்டார். காட்டில் தடம் பார்த்து வழிகாட்டியவர்கள் அந்த மலையின் பழங்குடி மக்கள். பிறகு இலங்கை, மலாயா, போர்னியோ என்று சுற்றினார். 1885இல் 'காட்டில் இரண்டு ஆண்டுகள்' என்ற பொருளில் தலைப்பு வைத்து அந்தப் பயணத்தைப் புத்தகமாக எழுதினார்.

ஹார்னடேயை வெறும் வில்லனாக்கிவிட்டு நகர்ந்துவிட முடியாது. அமெரிக்கச் சமவெளியில் ஒரு காலத்தில் கோடிக்கணக்கில் மேய்ந்தது பைசன் என்ற காட்டெருமை. தோலுக்காகச் சுட்டுச் சுட்டே தீர்த்துவிட்டார்கள். 1886இல் ஹார்னடே அருங்காட்சியகத்துக்கு மாதிரி எடுக்க மொன்டானாவுக்குப் போனபோது, தேடித் தேடித்தான் மந்தையைக் கண்டுபிடிக்க முடிந்தது. அவரும் சுட்டார்தான். ஆனால் அந்தப் பயணம் அவரை மாற்றியது. மிச்சம் எத்தனை என்று எண்ணி, 1889இல் ஓர் அறிக்கை வெளியிட்டார். மொத்தம் சுமார் ஆயிரம். அதன்பின் பைசனைக் காப்பதையே லட்சியமாக எடுத்துக்கொண்டார். 1905இல் இதே பிராங்க்ஸ் பூங்காவில் அமெரிக்க பைசன் சங்கம் தொடங்கியது, அவர்தான் தலைவர்.

1907 அக்டோபரில் இந்தப் பூங்காவில் வளர்த்த 15 பைசன்களை ரயிலேற்றி, ஓக்லஹோமாவின் விச்சிட்டா மலைப் பகுதிக்கு அனுப்பினார்கள். பிடித்து அடைத்த விலங்கைத் திரும்ப அதன் புல்வெளிக்கே கொண்டுபோய் விட்ட பெரிய காரியம். இன்று அமெரிக்காவில் பைசன் பெருகியிருப்பதில் அந்த 15க்கும் பங்கு உண்டு. ஒரு தமிழ் ஆசிரியனாக இதற்கு நான் கைதட்டத் தயார்.

ஆனால் வருடங்களைப் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பாருங்கள். 1906, ஓட்டா பெங்கா கூண்டில். 1907, பைசன்கள் வீட்டுக்கு. நடுவில் 13 மாதம். அதே பூங்கா, அதே இயக்குநர்.

வகுப்பில் 'காரணம் கூறுக' என்று கேள்வி கேட்போமே, இதற்குக் காரணம் என்ன? ஹார்னடேக்கு இரக்கமே இல்லை என்று சொல்ல முடியாது. இரக்கம் இருந்தது. யாருக்கு என்பதில்தான் கோளாறு. பூங்காவை நடத்திய சங்கத்தின் செயலாளர் மேடிசன் கிராண்ட். காடுகளையும் அரிய விலங்குகளையும் காக்கப் பாடுபட்டவர். அவரே 1916இல், வெள்ளை இனத்தில் ஒரு பிரிவுதான் உயர்ந்தது, மற்றவர்கள் கலந்தால் அது அழிந்துவிடும் என்று வாதாடி ஒரு புத்தகம் எழுதினார். அது ஜெர்மன் மொழிக்கும் போனது, நாஜிகள் கொண்டாடினார்கள். மனிதர்களை ஏணிப்படிகளில் நிறுத்திப் பார்க்கிறவர், கடைசிப் படியில் நிற்பவனை விலங்கின் பக்கத்தில் வைக்கத் தயங்க மாட்டார். பிறப்பை வைத்து ஏணி கட்டும் பழக்கம் நமக்கும் அந்நியமில்லை என்பதால் இதைப் படிக்கும்போது எனக்கு உறுத்தியது.

ஓட்டா பெங்கா பிறகு என்ன ஆனார்? 1910இல் வர்ஜீனியா மாநிலத்தில் லிஞ்ச்பர்க் என்ற ஊருக்குப் போனார். தம் இன வழக்கப்படி கூராக்கியிருந்த பற்களுக்கு உறை போட்டார்கள். ஆங்கிலம் படித்தார். ஆன் ஸ்பென்சர் என்ற கறுப்பினப் பெண் கவிஞர் அவருக்குப் பாடம் சொல்லிக் கொடுத்தார். புகையிலை ஆலையில் வேலை செய்தார். அந்த ஊர்ச் சிறுவர்களைக் காட்டுக்கு அழைத்துப்போய் வேட்டையும் மீன் பிடிப்பும் தேன் எடுப்பதும் கற்றுத் தந்தார் என்று பின்னாளில் அவர்களே நினைவுகூர்ந்திருக்கிறார்கள். கூண்டில் காட்டப்பட்டவர் ஒரு ஊரின் பிள்ளைகளுக்கு வாத்தியாராகவும் இருந்திருக்கிறார். இந்த இடத்தைப் படித்துவிட்டு நான் சற்று நேரம் எதையும் படிக்கவில்லை.

அவருடைய ஆசை ஒன்றுதான், காங்கோவுக்குத் திரும்ப வேண்டும். 1914இல் முதல் உலகப் போர் வந்தது, கப்பல் பயணம் நின்றுபோனது. 1916 மார்ச் 20ஆம் தேதி தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டார். வயது முப்பதைச் சற்றே தாண்டியிருக்கும். புதைத்த இடத்தில் பெயர்க் கல் இல்லை.

15 பைசன்களுக்கு வீடு திரும்ப ரயில் கிடைத்தது. அவருக்குக் கப்பல் கிடைக்கவில்லை.

என் மகள் நியூ ஜெர்சியில் இருக்கிறாள். அங்கே போயிருந்தபோது பேரனோடு இந்தப் பூங்காவுக்குப் போனேன். அவனுக்கு ஒன்பது வயது. வாசலில் சிங்கத்தைக் காட்டி, சுல்தான் கதையைச் சொன்னேன். நீரூற்று இத்தாலியில் இருந்து கப்பலில் வந்த கதையைச் சொன்னேன். முற்றத்துக்கு வந்ததும், மூடிக் கிடந்த அந்தக் கட்டடத்தைக் காட்டி, "இது எதுக்குத் தாத்தா?" என்றான். சொல்லலாமா வேண்டாமா என்று யோசித்தேன். சொல்லிவிட்டேன். பிள்ளைகளுக்குப் புரியும் அளவில், பயமுறுத்தாமல். கேட்டுவிட்டு ஒரே கேள்வி கேட்டான்: "அவர் அவங்ககிட்ட வீட்டுக்குப் போகணும்னு சொல்லலையா?" சொன்னார் கண்ணு, என்றேன். அதற்கு மேல் நான் என்ன சொல்ல?

ஆசிரியர் பயிற்சிப் பள்ளியில் எங்களுக்குச் சொல்லிக் கொடுத்த ஒன்று உண்டு. சிறுவர்களுக்கு வரலாற்றைப் பக்கத்தில் இருக்கும் கல்லில் இருந்து தொடங்கு, தூரத்து ராஜாவில் இருந்து தொடங்காதே. முப்பது வருடத்துக்கு மேல் நானும் அப்படித்தான் செய்தேன். ஊர்க் கிணற்றுக் கல்வெட்டில் இருந்து, பள்ளிக்கூட அடிக்கல்லில் இருந்து. ஆனால் கல்லில் எழுத, அதைச் செதுக்கக் கூலி கொடுக்க ஒருவர் வேண்டும். ராக்பெல்லருக்குச் சொந்தப் பணம் இருந்தது. ரெய்னிக்குப் பணக்கார அக்காள் இருந்தார். ஓட்டா பெங்காவின் குடும்பத்தையே கொன்றுவிட்டார்களே, கல் நட யார் இருந்தார்கள்? அதனால் கல்லைப் படிக்கும்போது, 'இதைச் செய்தது யார், காசு யாருடையது, இந்த இடத்தில் இல்லாத பெயர் எது' என்ற மூன்று கேள்வியையும் சேர்த்துக் கேட்கப் பிள்ளைகளைப் பழக்க வேண்டும்.

முழுக்க இருட்டாகவும் முடியவில்லை. 2017இல் லிஞ்ச்பர்க்கில் ஓட்டா பெங்காவுக்கு வரலாற்று அறிவிப்புப் பலகை நட்டார்கள். 2020 ஜூலையில், பிராங்க்ஸ் பூங்காவை நடத்தும் வனவிலங்குப் பாதுகாப்புச் சங்கம் பகிரங்கமாக மன்னிப்புக் கேட்டது. ஓட்டா பெங்காவுக்குச் செய்தது அநியாயம் என்று ஒத்துக்கொண்டது, மேடிசன் கிராண்ட் போன்ற தன் நிறுவனர்களின் இனவெறியையும் கண்டித்தது, தன்னிடம் இருந்த பழைய ஆவணங்களைப் பொதுமக்கள் படிக்கத் திறந்துவிட்டது. 114 வருடம் ஆனது. ஆனாலும், தன் முன்னோர் செய்த தப்பைத் தன் வாயால் சொன்ன நிறுவனத்தை நான் மதிக்கிறேன். எத்தனை நிறுவனங்கள் அதைச் செய்கின்றன?

வாசலை உடைக்க வேண்டும், நீரூற்றை அகற்ற வேண்டும் என்றெல்லாம் நான் சொல்லவில்லை. இரண்டும் அழகானவை, நல்ல கைகள் செய்தவை, இருக்கட்டும். அமெரிக்காவில் பிள்ளைகளோடு இருக்கும் நண்பர்கள் யாராவது அங்கே போனால், நீரூற்றோடு நின்றுவிடாமல் படியேறி அந்த முற்றம் வரை போங்கள். கூட வரும் பிள்ளைகளுக்கு அவர் பெயரை ஒரு தடவை வாய்விட்டுச் சொல்லுங்கள். ஓட்டா பெங்கா.

உங்கள் ஊரிலும் ஒரு நினைவுத் தூணோ, தண்ணீர்த் தொட்டியோ, சிலையோ இருக்கும். அதில் யார் பெயர் இருக்கிறது, யார் பெயர் இருந்திருக்க வேண்டும்? தெரிந்தவர்கள் எழுதுங்கள். படிக்கக் காத்திருக்கிறேன்.